என் தொண்டையும் அண்ணையின் மொழிபெயர்ப்பும்

ஒரு முழுக் குளிர்காலமும் நான் சாகப்போகிறேன் என்று நம்பிக்கொண்டிருந்தேன். எல்லாரும் ஒருநாள் போகத்தானே வேண்டும் என்கிற பொதுவான நம்பிக்கை அல்ல. எனக்குத் தொண்டையில் புற்றுநோய், சித்திரைக்குள் ஆள் முடிந்துவிடும் என்கிற திட்டவட்டமான நம்பிக்கை. அதற்கு என்னிடம் இருந்த ஒரே ஆதாரம் ஒரு மட்டன் ரோல்.

தொண்ணூறுகளின் தொடக்கம். ஒரு ஞாயிற்றுக்கிழமை அண்ணையும் அண்ணியும் ஈஸ்ட் ஹாமில் மரக்கறி வாங்கிக்கொண்டிருக்க, நான் கடை வாசலில் நின்று அந்த ரோலைச் சுடச்சுட விழுங்கினேன். எங்கோ உரசியது. பிறகு இறங்கிவிட்டது. மறுநாள் காலை எச்சிலை விழுங்கினால், குரல்வளைக்குப் பக்கத்தில் ஒரு கொட்டைப்பாக்கு நிற்கிறது. மத்தியானம் விழுங்கிப் பார்த்தேன், நிற்கிறது. மாலையிலும் அங்கேதான். சாப்பிடும்போது மட்டும் அதைக் காணவில்லை. இரண்டாம் தரம் போட்ட சோறும் தங்குதடையில்லாமல் இறங்கியது. ஆனால் என் வழக்குக்குச் சாதகமில்லாத அந்தச் சாட்சியை நான் கூப்பிடவில்லை.

அப்போது எனக்கு நாற்பது கடந்திருந்தது. கலியாணம் இல்லை. ஸ்ட்ரெதமில் அண்ணை வீட்டு மாடியில், கட்டிலைப் போட்டால் கதவு முழுதாகத் திறக்காத ஒரு சின்ன அறையில் இருந்தேன். சட்டனில் ஒரு பெற்றோல் நிலையத்தில் காசாளர் வேலை. அண்ணை எனக்கு முன்பே இங்கிலாந்துக்குப் படிக்க வந்து, ஒரு கவுன்சில் அலுவலகத்தில் வரைபடம் வரைகிற வேலையில் அமர்ந்தவர். எண்பதுகளில் ஊரில் இருக்கேலாது என்று ஆனபோது என்னை இங்கே எடுத்தவரும் அவர்தான். குறைவாகக் கதைப்பார். அந்த வீட்டுக்குத் தேவையான மிச்சக் கதை முழுவதையும் நான் கதைத்தேன்.

கொட்டைப்பாக்கு வந்த பிறகு இன்னும் கதைத்தேன். பெற்றோல் நிலையத்துக் கழிவறைக் கண்ணாடியின் முன் வாயைப் பிளந்து டோர்ச் அடித்துப் பார்த்தேன். என் குளிர்கோட்டை, இனி எனக்கு எதற்கு என்று, கூட வேலை செய்த ஒருவருக்குத் தானமாகக் கொடுத்தேன். அடுத்த கிழமை பனி கொட்டியதும் அதை அவரிடமே இரவல் வாங்கினேன். எல்லாவற்றுக்கும் மேலாக, மரண அறிவித்தலுக்குப் படம் எடுக்கப் போனேன். எங்கள் ஆட்களுக்குத் தெரியும், ஆள் போனதும் பத்திரிகையில் போட ஒரு படம் வேண்டும். வீட்டில் தேடினால் யாருடையதோ பிறந்தநாள் விழாவில் கேக் வாயோடு நிற்கிற படம்தான் கிடைக்கும். அந்தக் கேவலம் எனக்கு வேண்டாம் என்று கோட் சூட் போட்டுக்கொண்டு ஈஸ்ட் ஹாமில் ஒரு ஸ்டூடியோவுக்குப் போனேன். அண்ணையும் கூட வந்தார்.

என்னை எடுத்து முடித்ததும் அண்ணை அந்த ஸ்டூலில் தானும் இருந்தார். "வந்தனான்தானே, எனக்கும் ஒண்டு எடுக்கட்டும்."

"அண்ணை, சாகப்போறது நான்."

"சரியடா. நீ செத்த வீட்டிலை நிண்டு ஆக்களை வரவேற்கிற ஆளுக்கும் ஒரு படம் வேணும்தானே," என்றார். அவர் அடித்த அபூர்வமான பகிடிகளில் அது ஒன்று. நான் வீடு வரும் வரைக்கும் சிரித்தேன்.

இங்கே அண்ணையின் சாப்பாட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். அந்த நாட்களில் அவர் விரதத்தில் இறங்கியிருந்தார். வெள்ளிக்கிழமை விரதம் முன்பே இருந்தது. அதோடு திங்கள் சேர்ந்தது. பிறகு சனி. கந்தசஷ்டிக்கு வெறும் பாலும் பழச்சாறுமாக இருந்து, சஷ்டி முடிந்த பிறகும் சில நாட்கள் அப்படியே இருந்தார். உடம்பு வற்றியது. கோயிலில் பெண்கள் அண்ணியைப் பிடித்து, "உங்கடை அவரின்ரை முகத்திலை ஒரு களை தெரியுது" என்றார்கள். அண்ணிக்குப் பெருமை.

விரதமில்லாத நாட்களில் சோற்றின் மேல் தேங்காய்ப்பால் சொதியை ஊற்றுவார், ஊற்றுவார், ஊற்றிக்கொண்டே இருப்பார். "மாரி வெள்ளம் வந்திட்டுது, அண்ணை. நாத்து நடுவமோ?" என்று நான் கேட்பேன். ஒரு கவளம் வைப்பார். ஒரு மிடறு சுடுதண்ணீர். பிறகு கழுத்தை நீட்டி, தோளை உயர்த்தி, தண்ணீர் குடித்த கோழி மாதிரி மேலே பார்ப்பார். பாதியில் எழும்பி, குசினியில் பாத்திரம் கழுவுகிற தொட்டிப் பக்கம் போய் நின்றுவிட்டு வருவார். இதை எல்லாம் நான் அச்சொட்டாக நடித்துக் காட்டுவேன். விருந்துக்கு வந்தவர்கள், "அண்ணை சாப்பிடுறதை ஒருக்காச் செய்து காட்டுங்கோ" என்று கேட்கிற அளவுக்கு அது பெயர் பெற்றிருந்தது. அண்ணையும் இருந்து பார்த்துச் சிரிப்பார்.

குடும்ப டாக்டர் என்னை ஆஸ்பத்திரியில் தொண்டை டாக்டரிடம் அனுப்பினார். மொழிபெயர்க்க அண்ணை அரைநாள் லீவு போட்டு வந்தார். எனக்கு ஆங்கிலம் தெரியாதென்று இல்லை. எந்தப் பம்ப், ரசீது வேண்டுமா, காற்று அடிக்கிற மெஷின் பழுது. இதற்குள் அடங்கும் ஆங்கிலம் எல்லாம் தெரியும். கொட்டைப்பாக்கை விளக்க அது போதவில்லை.

"பாக்கு மாதிரி ஒண்டு நிக்குது எண்டு சொல்லுங்கோ, அண்ணை," என்றேன்.

அண்ணை சொல்லத் தொடங்கினார். சொல்லிக்கொண்டே இருந்தார். பிரெட், மீட், வாட்டர் என்று பாண், இறைச்சி, தண்ணீர் எல்லாம் என் காதில் விழுந்தன. தன் நெஞ்செலும்பின் கீழ் முனையில் விரலை வைத்துக் காட்டினார். டாக்டரின் பேனா வேகமெடுத்தது, முகம் நீண்டது.

"நான் ஒண்டுதானே சொன்னனான். என்ன இவ்வளவு நேரம்?"

"வடிவாச் சொன்னால்தான் வடிவாப் பாப்பினம்."

தம்பி மேல் என்ன பாசம் என்று நினைத்தேன். எனக்கு உணர்ச்சி பொங்கிக் கண் கலங்கிவிட்டது. என் கழுத்தைத் தொட்டுக் காட்டினால் நான் பயப்படுவேன் என்றுதானே தன் நெஞ்சைத் தொட்டுக் காட்டுகிறார்! பிறகு அவர் டாக்டரிடம் ஏதோ கேட்டார். பாண் போகாமல் இருந்து, பிறகு சோறும் போகாமல் விட்டால், அது என்னவாக இருக்கும் என்று கேட்டிருக்கிறார் என்பது எனக்குப் பிறகுதான் தெரிந்தது. டாக்டர் படம் எடுத்துப் பார்க்காமல் சொல்ல முடியாது என்றாராம். அந்தப் பதிலை அண்ணை எனக்கு மொழிபெயர்க்கவில்லை.

வெள்ளைச் சுண்ணாம்புக் கூழ் மாதிரி ஒன்றைக் குடிக்க வைத்து, அது இறங்குவதை எக்ஸ்ரேயில் பார்த்தார்கள். ஒரு குறையும் இல்லை. கமராவை மூக்கால் விட்டுத் தொண்டையையும் பார்த்தார்கள். அங்கேயும் ஒன்றும் இல்லை. வேறு எவனும் தேங்காய் உடைத்திருப்பான். நானோ, மெஷினுக்கே தெரியாமல் ஒளிக்கக்கூடிய கெட்டிக்கார வியாதி என்று முடிவு கட்டினேன். அடுத்ததாக, ஸ்பீச் தெரபிஸ்டைப் பார்க்க வரும்படி ஆஸ்பத்திரியில் இருந்து சொன்னபோது எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது. குரல்வளையை வெட்டி எடுக்கப் போகிறார்கள். குரல் போன பிறகு எப்படிக் கதைப்பது என்று இப்போதே பழக்கப் போகிறார்கள். அந்தக் கிழமை முழுக்க எனக்குத் தெரிந்த பகிடிகளை எல்லாம், குரல் இருக்கும்போதே முடித்துவிட வேண்டும் என்று, கண்ட கண்ட ஆட்களுக்குச் சொன்னேன். பெற்றோல் அடிக்க வந்த ஒரு பாதிரியாருக்கும் ஒன்று சொன்னேன். அது பாதிரியாருக்குச் சொல்லக்கூடியது அல்ல.

ஸ்பீச் தெரபிஸ்ட் உயரமான ஓர் ஆங்கிலப் பெண். என் வயது இருக்கும். அவரது அறையில் நான் எதிர்பார்த்த கத்தி, மெஷின் ஒன்றும் இல்லை. ஒரு தட்டில் தயிர், வாழைப்பழம், பட்டர் பூசிய பாண், பிஸ்கட், ஒரு குவளை தண்ணீர். ஏதோ பின்னேரத் தேத்தண்ணிக்குக் கூப்பிட்டது போல இருந்தது. அண்ணைக்கும் மரியாதைக்கு ஒரு தேத்தண்ணியும் இரண்டு பிஸ்கட்டும் கொடுத்தார். பிறகு அவரிடம், "இன்றைக்கு உங்கள் தம்பியே பேசட்டும். தேவையென்றால் உங்களைக் கேட்கிறேன்" என்றார். ஒவ்வொரு சொல்லாக, ஆறுதலாகப் பேசினார். எனக்கே விளங்கியது.

குரல் போவதைப் பற்றிக் கேட்டேன். அவர் சிரிக்கவில்லை. கதைப்பதும் விழுங்குவதும் ஒரே இடத்தால் நடக்கிற வேலைகள், அதனால் விழுங்கச் சிரமப்படுகிறவர்களையும் தாங்கள்தான் பார்க்கிறோம் என்றார். பிறகு என் குரல்வளையில் இரண்டு விரல்களை வைத்து விழுங்கச் சொன்னார். கலியாணம் கட்டாதவன் கழுத்து; அதில் ஒரு பெண்ணின் கை படுவது தாலிகட்டு மாறி நடந்தது போல இருந்தது. வெட்கத்தில் இரண்டு தரம் விழுங்கினேன். தயிர் போனது. வாழைப்பழம் போனது. பாணும் போனது. பிஸ்கட் நன்றாக இருந்ததால் கேட்காமலே இன்னொன்றும் போனது.

அவர் விரலை எடுத்துவிட்டு டாக்டர் எழுதியதைப் பார்த்தார். "பாண் நெஞ்சில் நிற்கிறது என்று சொல்லியிருக்கிறீர்கள். இறைச்சியை விட்டுவிட்டீர்கள், தண்ணீர் குடித்துத்தான் சோற்றை இறக்குகிறீர்கள் என்று இருக்கிறதே?"

"நானா?" என்றேன். எனக்குப் புற்றுநோய் இல்லை என்ற சந்தோஷம் மெல்ல மெல்ல ஏறிக்கொண்டிருந்த நேரம். வாய் சும்மா இருக்குமா? "எனக்குப் பாண், தபால்பெட்டியில் கடிதம் போட்ட மாதிரிப் போகும். அப்படிச் சாப்பிடுகிறவர் இவர்!" என்று அண்ணையைக் காட்டினேன். காட்டியதோடு விட்டேனா? நடித்தும் காட்டினேன். சொதி வெள்ளம், கவளம், மிடறு, நீண்ட கழுத்து, உயர்ந்த தோள், எழும்பிப் போய் நிற்கிற நடை. விருந்துகளில் செய்ததை விட அன்றைக்கு நன்றாகவே செய்தேன்.

தெரபிஸ்ட் என்னைப் பார்க்கவில்லை. அண்ணையின் சோசரைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு பிஸ்கட் தொடாமல் கிடந்தது. மற்றது தேத்தண்ணிக்குள் கரைந்து சேறாக இருந்தது. அண்ணை அதைக் கரண்டியால் கிண்டிக்கொண்டிருந்தார். நான் நடிப்பின் நடுவே, தோளை உயர்த்தியபடி நின்றுவிட்டேன்.

"எவ்வளவு காலமாக?" என்று அவர் அண்ணையிடம் கேட்டார்.

அண்ணை குனிந்தபடி, தமிழில், என்னிடம் சொன்னார்: "போன கோடைக்கு முந்தியே தொடங்கீட்டுது."

அதை மொழிபெயர்க்க எனக்குச் சிறிது நேரம் எடுத்தது.

அவர் அண்ணையின் கழுத்தில் விரல் வைத்துத் தண்ணீர் விழுங்கச் சொன்னார். தொண்டை சரியாகத்தான் வேலை செய்கிறது, தடை அதற்கும் கீழே, உணவுக்குழாயில் இருக்கிறது என்றார். "அது என் பகுதி அல்ல. நான் பயிற்சி கொடுத்து மாற்றக்கூடியதும் அல்ல. ஆனால் இதை யார் பார்க்க வேண்டும் என்று எனக்குத் தெரியும், அதுவும் கெதியாக, தாமதிக்காமல்." நாங்கள் இருக்கும்போதே தொலைபேசி எடுத்தார். என் பாக்கைப் பற்றி வாசலில் வைத்து நாலு வசனம் சொன்னார். பயத்தில் தொண்டைத் தசை இறுகுகிறது, இறுகுவது கட்டி போலத் தெரிகிறது, சும்மா சும்மா எச்சிலை விழுங்கிப் பார்ப்பதை நிறுத்துங்கள், கொஞ்சம் தண்ணீர் குடியுங்கள். என் சாவுக்கு மருந்து அவ்வளவுதான்.

பஸ்ஸின் மேல்தட்டில் இருவரும் பக்கத்தில் பக்கத்தில் இருந்தோம். ஸ்ட்ரெதம் வரும் வரைக்கும் நான் வாயைத் திறக்கவில்லை. அது எனக்கு ஒரு சாதனை. கடைசியில் கேட்டேன்.

"அப்ப விரதம்?"

"விழுங்கேலாத நாளிலை விரதம் எண்டு சொன்னால் ஒருத்தரும் கேக்கமாட்டினம்."

"எனக்கெண்டாலும் சொல்லியிருக்கலாமே, அண்ணை."

"உனக்குச் சொல்லியோ?" என்று என்னைத் திரும்பிப் பார்த்தார். "வீட்டிலை சாகப்போறன் எண்டு கத்துறதுக்கு ஏற்கெனவே ஒராள் இருந்தது." பிறகு சொன்னார்: "உன்னோடை வந்தால் டாக்டரைக் கேக்கலாம்தானே எண்டு பாத்தன். அவையள் உனக்கு ஒண்டும் இல்லை எண்டு சொன்னாப்பிறகு, எனக்கும் ஒண்டும் இல்லையாக்கும் எண்டு நினைச்சன்."

இங்கிலாந்தில் இருபது வருடம் வரைபடம் வரைந்த மனுஷன். என் உணவுக்குழாயைப் படமெடுத்ததைப் பார்த்து, தனக்கு நோய் இல்லை என்று ஆறுதல்பட்டிருக்கிறார். நான்தான் எங்கள் குடும்பத்து மடையன் என்று அதுவரை நினைத்திருந்தேன்.

வீட்டில் அண்ணியிடம் அவரே சொன்னார். அண்ணி அழவில்லை. "கோயிலிலை எல்லாரும் உங்களைக் கையெடுத்துக் கும்பிட்டவை," என்றார். "அதாலைதான் பேந்து சொல்லேலாமல் போச்சு," என்றார் அண்ணை.

கமரா விட்டார்கள், ஸ்கான் செய்தார்கள். வெட்டி எடுக்கிற நிலையைத் தாண்டிவிட்டது என்றார்கள். அடைப்பின் ஊடாக ஒரு பிளாஸ்டிக் குழாயை வைத்தார்கள், சாப்பாடு இறங்குவதற்காக. அதன் பிறகு எங்களை மறுபடியும் அந்த உயரமான பெண்ணிடம் அனுப்பினார்கள். வீட்டில் வழமையாகச் சாப்பிடுகிற சாப்பாட்டைக் கொண்டு வரச் சொல்லியிருந்தார்.

அண்ணி விடியவே எழும்பிச் சமைத்து, ஒரு கலியாண வீட்டுக்குப் போவது போலக் கொண்டுவந்தார். பாணும் பிஸ்கட்டும் இருந்த அதே மேசையில் புட்டு, இடியப்பம், சோறு, பருப்பு, சொதி, கத்தரிக்காய்ப் பால்கறி. தெரபிஸ்ட் ஒவ்வொன்றாக முள்ளுக்கரண்டியால் அழுத்திப் பார்த்தார். கொஞ்சம் தன் வாயிலும் போட்டுப் பார்த்தார். புட்டு வேண்டாம், உதிர்ந்து போய்க் குழாயில் கட்டியாகும். இடியப்பம் சிக்கிக்கொள்ளும். பாண் கூடவே கூடாது. சோற்றை நன்றாகக் குழைய வைத்து மசித்து, சொதி விட்டுத் தளரக் கரைக்க வேண்டும். சின்னச் சின்ன வாயாக, நிமிர்ந்து இருந்து, அவசரப்படாமல். சாப்பிட்டு முடிய சோடா குடித்தால் குழாய் கழுவுப்படும். உடனே படுக்கக் கூடாது. படுத்தாலும் தலைமாடு உயர வேண்டும். சொதியைப் பற்றிச் சொல்லும்போது, "இதை நீங்களாகவே கண்டுபிடித்துவிட்டீர்கள்" என்று அண்ணையைப் பார்த்துச் சொன்னார். நான் மாதக்கணக்காக நக்கலடித்த வெள்ளம் அது.

அண்ணைக்கு அப்போது நீளமாகக் கதைக்கச் சீவன் இல்லை. அண்ணிக்கு ஆங்கிலம் பெரிதாக வராது. ஆகவே மொழிபெயர்ப்பாளர் வேலை எனக்கு வந்தது. எல்லாம் ஒழுங்காகத்தான் போய்க்கொண்டிருந்தது. அண்ணி புட்டுப் பெட்டியை மூடி வைத்துவிட்டு, மூடியில் கையை வைத்தபடி கேட்டார்:

"தம்பி, இந்தக் குழாயோடை இவர் எவ்வளவு காலம் இருப்பார் எண்டு கேளும்."

நான் தெரபிஸ்ட் பக்கம் திரும்பினேன். என் பெற்றோல் நிலைய ஆங்கிலத்தில், கறிக்குத் தேங்காய்ப்பால் விடலாமா என்று கேட்டேன்.

"தாராளமாக. எவ்வளவு விடுகிறீர்களோ அவ்வளவு நல்லது. உடம்புக்குச் சத்து வேண்டும்," என்றார் அவர்.

"என்னவாம்?" என்றார் அண்ணி.

"தேங்காய்ப்பால் நல்லா விடட்டாம்."

"நான் அதையோ கேட்டனான்?"

அந்த அறையில் இரண்டு மொழியும் முழுதாகத் தெரிந்தவர் ஒருவர்தான் இருந்தார். அண்ணை என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவரது தோள் குலுங்கத் தொடங்கியது. சத்தமில்லாமல் சிரித்தார், சிரிப்பு இருமலாக மாறியது, தெரபிஸ்ட் தண்ணீரை எடுத்துக் கொடுத்து, தலை குனிந்து நாடியைக் கொஞ்சம் தாழ்த்தச் சொல்லி, அது அடங்கும் வரை அவர் முதுகில் கையை வைத்திருந்தார்.

"வடிவா மொழிபெயர்க்கிறாயடா," என்றார் அண்ணை, மூச்சு வந்ததும்.

அண்ணிக்கு விளங்கிவிட்டது. சேலைத் தலைப்பால் பெட்டியின் மூடியைத் துடைத்தார். அது ஏற்கெனவே சுத்தமாகத்தான் இருந்தது. தெரபிஸ்டும் எங்கள் மூவரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, அண்ணியின் பக்கம் கதிரையை இழுத்துப் போட்டு, உண்மையில் அண்ணி என்ன கேட்டார் என்று அண்ணையிடம் கேட்டார். அண்ணை சொன்னார். ஒரு சொல்லும் கூட்டாமல், ஒரு சொல்லும் குறைக்காமல். மாதக் கணக்கில்தான் இருக்கும், திட்டமாகச் சொல்வது பெரிய டாக்டரின் வேலை, ஆனால் அந்த மாதங்களில் அவர் வீட்டு மேசையில், வீட்டுச் சாப்பாட்டைச் சாப்பிட வழி பார்ப்பது தன் வேலை என்றார் தெரபிஸ்ட். அதையும் அண்ணையே அண்ணிக்குத் தமிழில் சொன்னார்.

சாப்பிட்டார். குழைசோறும் சொதியும், மீன் முள்ளையும் நண்டுக் கோதையும் நீக்கி வடித்தெடுத்த கூழும், கடைசியில் சோடாவும். வெள்ளிக்கிழமைகளிலும் சாப்பிட்டார். நான் எதிரே இருந்து அதே குழைசோற்றைச் சாப்பிட்டேன். என் பாக்கு எந்த நாள் போனது என்று எனக்குத் தெரியாது. ஒருநாள் நினைத்துப் பார்த்தபோது அது அங்கே இருக்கவில்லை. விருந்துக்கு வந்த ஒருவர், விஷயம் தெரியாமல், அண்ணை சாப்பிடுவதைச் செய்து காட்டச் சொன்னார். மறந்துவிட்டேன் என்றேன்.

அண்ணை அடுத்த குளிர்காலம் தொடங்குவதற்கு முன் இறந்தார். உணவுக்குழாயின் கீழ்ப்பகுதியில் புற்றுநோய். அறிவித்தலுக்கு ஈஸ்ட் ஹாம் ஸ்டூடியோவில் எடுத்த படத்தைக் கொடுத்தோம். எனக்குத் தொண்டையில் ஒன்றும் இருக்கவில்லை.